வெள்ளையாக விட்ட இடம்

27 மே 2009, புதன். இன்றைய பிழை: ஆண் இருவாச்சிப் பறவைக்குத்தான் சிவப்புக் கண். நான் பேசும்போது பெண்ணுக்கு என்று சொல்லிவிட்டேன். ஒருவரும் கவனிக்கவில்லை. அதற்காக அது பிழையில்லை என்று ஆகாது.

வகுப்பு இடைவேளையில் தக்ஷிகா இதை எழுதிக் கொப்பியை மூடியபோது முதுகுக்குப் பின்னால் குரல் கேட்டது.

"தங்கச்சி, உம்மட படத்தை ஒருக்காப் பாக்கலாமோ?"

கூடப் படிக்கும் அன்ரனெற். அவளைத் திரும்பிப் பார்க்கவே தக்ஷிகாவுக்கு விருப்பமில்லை.

புலம்பெயர்ந்து வந்த ஊரான மல்வேர்னின் பள்ளிக்கூடத்து மாலைநேர உயிரியல் வகுப்பில் ஆளுக்கொரு உயிரினத்தைப் பற்றி முதலில் சுருக்கமாகவும் அடுத்த கிழமை முழுமையாகவும் பேசவேண்டும். திறமாகப் பேசும் ஒருவருக்கு ஆசிரியர் றொபேட் கடிதம் கொடுப்பார். அதைக் கொண்டுபோனால் விலங்குக்காட்சிச்சாலையின் பறவைக்கூடத்தில் கோடைகால வேலை. கோப்பிக்கடையில் தட்டுக் கழுவிக் கை வெளிறிப்போன தக்ஷிகாவுக்கு இரண்டு மாதமாக அந்தக் கடிதம்தான் கனவு. நாலு நூலகப் புத்தகம், பதினெட்டுப் பக்கக் குறிப்பு, இலங்கையில் இருவாச்சி எங்கெங்கே வாழ்கிறது என்று கையால் வரைந்த படம்.

அன்ரனெற்றோ ஏப்ரல் முழுக்க வகுப்புக்கே வரவில்லை. வந்தபோது தவளை என்றாள். முந்தநாள் திங்கட்கிழமை திடீரென்று, "நானும் இருவாச்சிதான் செய்யப்போறன்" என்றாள். இன்று எழும்பி நின்று, ஒரு வார்த்தையும் பேசாமல், கைத்தொலைபேசியை நீட்டிப் பறவையின் குரலைப் போட்டாள். இருபது செக்கன். பட்டென்று நிறுத்திவிட்டு, இது இருவாச்சிதானே, நிச்சயமா என்று இரண்டு தரம் கேட்டாள்.

றொபேட் கதிரையை விட்டே எழும்பிவிட்டார். இருவாச்சியேதான், காட்டுக்குள்ளேயே பதிந்தது, இப்படி ஒன்றைத் தான் கேட்டதேயில்லை என்றார். பதினெட்டுப் பக்கத்துக்கு 'நன்று' என்று மட்டும் சொன்ன மனிதர்!

தக்ஷிகா படத்தை அரைமனதோடு விரித்தாள்.

"அந்த ரெக்கோடிங் எங்க எடுத்தனீங்கள், அக்கா?"

"ஒராள் அனுப்பினது."

"ஆர்?"

அன்ரனெற் அதைக் காதில் வாங்காமல் படத்தின்மேல் குனிந்தாள். "இது டவுணுக்குள்ள நிக்குமோ? பள்ளிக்கூட வளவுகளில?"

"சீ, அங்க என்னத்தைத் தின்னும்? வருஷம் முழுக்கப் பழம் வேணும். பொந்து வைக்கப் பெரிய பழைய மரம் வேணும். ஆறோ குளமோ பக்கத்தில வேணும்."

அன்ரனெற் ஒரு பழைய பஸ் ரிக்கற் துண்டின் பின்புறத்தில் அவசரமாகக் குறித்துக்கொண்டாள். தன் இரண்டு மாத உழைப்பு ஒரு பஸ் துண்டுக்குள் போவதைத் தக்ஷிகா பார்த்துக்கொண்டு நின்றாள்.

"காட்டை வெட்டி வெளியாக்கிப்போட்டாலும் அந்த ஓரத்தில நிக்குமோ?"

இந்தக் கேள்வி எனக்கு ஏன் தோன்றவில்லை? தக்ஷிகா படத்தைத் தன் பக்கம் கொஞ்சம் இழுத்துக்கொண்டாள்.

"கொஞ்ச நாளைக்கு நிக்கும். பொந்து மரத்தை லேசில விட்டிட்டுப் போகாது."

அன்ரனெற்றின் முகம் மலர்ந்தது. அவள் விரல் வடக்கே போய் நின்றது. "செட்டிகுளத்துப் பக்கம் வெள்ளையா விட்டிருக்கிறீர்?"

பச்சை, பறவையைக் கண்ட இடம். வெள்ளை, பறவை இல்லாத இடமல்ல. இத்தனை வருஷப் போரில் ஒருவரும் போய் எண்ணாத இடம். அதைத் தக்ஷிகாவே படத்தின் அடியில் சின்ன எழுத்தில் எழுதியிருந்தாள். அந்த வரியின் மேல் மெல்லத் தன் கையை வைத்தாள்.

"அங்க இல்லை."

"வடிவாத் தெரியுமோ?"

"நாலு புத்தகம் பாத்தனான், அக்கா. இல்லையெண்டா இல்லை."

அன்ரனெற் பஸ் துண்டைக் கசக்கினாள். றொபேட்டிடம் போய், தான் இனிப் பேசப்போவதில்லை என்று சொன்னாள். பையைத் தூக்கிக்கொண்டு வெளியேறினாள்.

கடிதம் இனித் தனக்குத்தான். ஆனால் தன் குறிப்புகளோடு அந்தப் பறவைக் குரலும் சேர்ந்திருந்தால்? தக்ஷிகாவால் இருக்க முடியவில்லை. பஸ் தரிப்புக்கு ஓடினாள்.

"அக்கா, நீங்கள்தான் இனிச் செய்யேல்லையே. அந்த ரெக்கோடிங்கை எனக்குத் தாங்கோவன்."

அன்ரனெற் அவளை ஒரு கணம் பார்த்தாள். பிறகு தொலைபேசியை நீட்டினாள். "கேளும். முழுக்கக் கேளும். ஆனா ஒருத்தருக்கும் மூச்சு விடக்கூடாது. அங்க போன் பிடிபட்டா அவனுக்குத்தான் அடி."

முதலில், வகுப்பில் போடாத குரலஞ்சல் இயந்திரக் குரல்: மே இருபத்திரண்டு, வெள்ளிக்கிழமை, ஒரு தகவல். பிறகு பறவை. வகுப்பில் நிறுத்திய இடத்தையும் தாண்டி அது ஓடியது. பறவை ஓய்ந்தது. ஒரு இளைஞன் மூச்சை அடக்கிக்கொண்டு சொன்னான்: "அக்கா, நான்தான்... ஆரோ வருகினம்."

அவ்வளவுதான்.

"என்ர தம்பி அகஸ்ரின்" என்றாள் அன்ரனெற். "சண்டை முடிஞ்சு சனத்தைப் பள்ளிக்கூடங்களிலயும் காட்டிலயும் முகாம் போட்டு அடைச்சு வைச்சிருக்கினம், எந்த முகாம் எண்டு சொல்லவே அவனை விடேல்லை. பறவைச் சத்தத்தை வைச்சு, செட்டிகுளத்துக் காட்டை வெட்டிப் போட்ட முகாமாத்தான் இருக்கும், நாளைக்குச் செஞ்சிலுவையில அப்பிடியே எழுதிக் குடுப்பம் எண்டு இருந்தனான். நல்ல காலம் தங்கச்சி, உம்மைக் கேட்டது. பிழையான இடத்தில தேடப் பாத்தன்."

தக்ஷிகா வாய் திறக்குமுன் பஸ் வந்தது. அன்ரனெற் ஏறிப் போய்விட்டாள்.

அந்தத் தரிப்பில் நின்றபடியே தக்ஷிகா கொப்பியைத் திறந்தாள்.

நாளை: வேலைக்கு லீவு. காலை ஏழு மணிக்கு அன்ரனெற் அக்கா வீட்டுக்குப் போய், பொய் சொன்னேன் என்று சொல்லவேண்டும். பிறகு அவவோடு செஞ்சிலுவை அலுவலகம்.