பழைய பதிப்பு

“நேத்து வரைக்கும் ஓடிக்கிட்டுத்தானே இருந்துச்சு. என்ன பண்ணித் தொலைச்ச, ரைலி?”

“போன்ல அந்த விளையாட்டுக்குப் புதுப் பதிப்பு வந்துச்சு. புதுசு இன்னும் நல்லாயிருக்கும்னு இதுலயும் பழசு மேலயே ஏத்திட்டேன். இதுக்கா இவ்வளவு கோவம் வருது உன் பொட்டிக்கு?”

தம்பி ஓஸ்ஸி சிரிக்கவில்லை. வடக்குக் குளிர்நாட்டின் தாம்பரே நகரத்தில், ரைலியின் சமையலறையில், குளிர்கால மதியம் மூன்று மணிக்கே வெளிச்சம் வடிகிறது. அந்தப் பழைய கையடக்க விளையாட்டுக் கருவியின் திரையில் ஒரு படகு பாதி மட்டும் தெரிந்து உறைந்து நிற்கிறது. ரைலி காபிக் கோப்பையை எடுக்கிறாள். அது தட்டோடு மோதிக் கடகடக்கிறது. கையில் நடுக்க நோய் வந்த நாளிலிருந்து கைபேசித் திரை அவள் விரலுக்கு அடங்குவதில்லை. பொத்தான்களில்தான் விரல் நிலைக்கிறது என்று, அவள் காசு கொடுத்து வாங்கிய கைபேசி விளையாட்டை இந்தக் கருவியில் ஓடவைத்தவன் ஓஸ்ஸி. அதற்காக அவன் எழுதிய நிரல் விளையாட்டின் பழைய பதிப்போடு மட்டுமே ஓடும். பழையது இப்போது எந்தக் கடையிலும் இல்லை. நாற்காலியில் தொங்கும் அவன் பைக்குள், அவனுடைய கணினியில் ஒரு பிரதி இருக்கிறது. ‘விளையாட்டுக் கோப்புகளை யாரும் யாருக்கும் தரக்கூடாது, கேட்கவும் கூடாது’ என்று, இத்தகைய நிரல்களைப் பகிரும் தன் இணையப் பக்கத்தின் உச்சியில், திருட்டு நகல் பரவாமலிருக்க எழுதி வைத்திருப்பவனும் அவன்தான். கேட்ட எத்தனையோ பேரை அவனே அங்கிருந்து வெளியேற்றியிருக்கிறான். அவன் கருவியை அணைத்து மறுபடி போடுகிறான். படகு அதே பாதியில் நிற்கிறது.

ரைலி பையைப் பார்க்கிறாள்.

“நானும் காசு குடுத்துத்தானேடா வாங்கினேன். உன்னோடதுலேர்ந்து ஒரு நகல் போட்டுக் குடேன், ஓஸ்ஸி.”