பணிக்கு வராத ஏகாம்பரம்

கணவன் ஏகாம்பரத்தின் இறப்புச் சான்றிதழ் கேட்டு மூன்றாம் முறையாக நகராட்சிக்கு வந்த வசந்தியிடம், பதிவேடுகளில் ஒன்றுக்கொன்று ஒவ்வாததைக் களைய அங்கே வைத்திருந்த முரண்நீக்கி எந்திரத்தின் தீர்ப்பை எழுத்தர் அலுங்காமல் வாசித்தார்.

"பாதாளச் சாக்கடைக்குள்ள ஆளை இறக்கக் கூடாதுன்னு சட்டம் இருக்கு. உன் வீட்டுக்காரர் அதுக்குள்ள செத்துட்டார்னு நீ சொல்ற. ரெண்டும் உண்மையா இருக்க முடியாதில்ல? அதனால அவர் இறங்கவும் இல்ல, சாகவும் இல்ல."

"அப்ப நாங்க எரிச்சது யாரை சார்?"

"அதை மெஷின்கிட்ட கேக்கலம்மா" என்றவர் ஒரு தாளை நீட்டினார். பதினோரு நாளாகச் சொல்லாமல் நகராட்சி வேலைக்கு வராததற்கு ஏகாம்பரம் நேரில் விளக்கம் தர வேண்டுமாம்.

வசந்தி எழுத்தரின் சட்டையைப் பிடித்து வாசல்வரை இழுத்துவந்து, தெருமுனைச் சாக்கடை மூடியைக் காட்டினாள்.

"அவரு கடைசியா அங்கதான் இருந்தாரு. இந்தத் தாளை நீயே இறங்கிக் குடுத்துட்டு வா. பயப்படாத, அதுக்குள்ள யாரும் சாகலன்னு உன் மெஷினே சொல்லுதே!"