செவலையை இழுத்தவர்கள்

இடுப்புவரை சேற்றில் நின்றுகொண்டு அவள் கத்தினாள்.

"கழுத்துல கட்டாதீங்க! செத்துடும்!"

கரையில் இருந்தவன் கயிற்றைக் கீழே போட்டுவிட்டு ஒதுங்கிக்கொண்டான். அத்தோடு சரி. வேறு யாரும் அதைத் தொடவில்லை.

குதிரை வயிறுவரை புதைந்திருந்தது. முன்கால்களை உருவப் பார்த்துப் பார்த்து, இப்போது அந்த முயற்சியையும் விட்டுவிட்டது. மோவாயைச் சேற்றின்மேல் கிடத்தி மூச்சுவிட்டுக்கொண்டிருந்தது.

கழிமுகத்தில் தண்ணீர் ஏறிக்கொண்டிருந்தது.

செவலை, கடற்கரையில் குழந்தைகளைச் சுமந்து சுமந்தே ஒரு கால் விளங்காமல் போன பெட்டைக் குதிரை. வைத்திருந்தவன் அதைச் சவுக்குத் தோப்பில் விட்டுவிட்டுப் போய்விட்டான். போன மழைக்காலத்தில் அவள்தான் மெல்ல நடத்திக் கூட்டிவந்தாள். அவளுடைய கொட்டகையில் அதைப்போல இன்னும் சில உண்டு. முதுகெல்லாம் புண்ணான கழுதைகள். கண் போன ஒட்டகம். யாருக்கும் வேண்டாத நாய்கள்.

இன்று மதியம் எப்படியோ வெளியே வந்து, புல்லைத் தேடி இங்கே இறங்கியிருக்கிறது.

"ஏகாம்பரம், தீயணைப்புக்கு மறுபடி போன் போடுங்க."

"போட்டேம்மா. வண்டி வேற எங்கயோ போயிருக்காம். வருமாம்."

ஏகாம்பரம் அவளோடு கொட்டகையைப் பார்த்துக்கொள்பவர். வயதானவர். இழுக்கிற உடம்பில்லை.

சாலையில் கார்கள் நின்றன. ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம். எல்லார் கையிலும் போன் உயர்ந்திருந்தது. குதிரை சாவதைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

அவள் கெஞ்சினாள். பிறகு திட்டினாள்.

"சட்டையெல்லாம் பாழாயிடும் ஆன்ட்டி" என்றான் ஒருவன். உள்ளே பாம்பு இருக்குமா என்று இன்னொருவன் விசாரித்தான்.

அப்போதுதான் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

"டேய், இது ஹேமலீலாடா!"

கூட்டம் அசைந்தது. அதுவரை சாலையிலேயே நின்றவர்கள் சேற்றின் விளிம்புவரை வந்தார்கள். போன்கள் குதிரையை விட்டு அவள்மேல் திரும்பின.

ஹேமலீலா.

சினிமாக் கம்பெனிக்காரர்கள் அவளுக்கு வைத்த பெயர். காட்டுப் படம், பேய்ப் படம், பாம்புப் படம். காலைக் காட்சிக்கென்றே எடுத்தவை. புலித்தோல் அச்சிட்ட துணியைச் சுற்றிக்கொண்டு அருவியில் நனைவாள். பத்தாவது ரீலுக்குள் செத்துப்போவாள். அவள் செத்தால்தான் கதாநாயகனுக்கு ரோஷம் வரும்.

கடைசியாக ஒரு பாம்புப் படம். ஆட்டத்தின் நடுவே, கழுத்தில் கிடந்த பாம்பு கனத்துத் தொங்கியது. எடுத்துப் பார்த்தாள். செத்திருந்தது. வாயைத் தைத்திருந்தார்கள்.

ஆட்டத்தை நிறுத்தினாள்.

"வேற பாம்பு கொண்டாங்கப்பா" என்றார் டைரக்டர்.

அன்று வீட்டுக்குப் போனவள் திரும்பி வரவில்லை. அதன்பிறகு யாருக்கும் போட்டோவுக்கு நின்றதுமில்லை. பேட்டி என்று வருகிறவர்களிடம் கழுதையின் புண்ணைக் காட்டுவாள். அவர்கள் அருவிப் பாட்டைப் பற்றிக் கேட்பார்கள். வாசல் கேட்டைச் சாத்திவிடுவாள்.

"அக்கா, ஒரே ஒரு செல்ஃபி!"

தண்ணீர் செவலையின் விலாவைத் தொட்டது.

அவளுக்கு வாயில் வந்தது வேறு. விழுங்கிக்கொண்டாள்.

"கயிறு புடிச்சு இழுக்குறவங்க எல்லாரோடயும் எடுத்துக்கறேன்."

ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். மஞ்சள் பனியன் போட்ட ஒருவன் சிரித்தான்.

"அந்த அருவிப் பாட்டுல நிப்பீங்களே, அந்த மாதிரியா?"

ஏகாம்பரம் தலையைக் குனிந்துகொண்டார்.

"அந்த மாதிரிதான்" என்றாள் அவள்.

செருப்புகள் கழன்றன. பேன்ட்டுகள் முழங்காலுக்கு ஏறின. சட்டையைப் பற்றி இப்போது யாரும் பேசவில்லை.

ஏகாம்பரம் கொட்டகையிலிருந்து தென்னை மட்டைகளும் தார்ப்பாயும் கொண்டுவந்திருந்தார். அவள் மட்டைகளைப் பரப்பி அதன்மேல் குப்புறப் படுத்தாள். தார்ப்பாயைப் பட்டையாக மடித்து, குதிரையின் மார்புக்குக் கீழே கையைவிட்டு, மறுபக்கம் இழுத்தாள். கன்னம் சேற்றில் அழுந்தியது. காதுக்குப் பக்கத்தில் செவலையின் நெஞ்சு அடித்துக்கொண்டிருந்தது. கயிற்றைத் தார்ப்பாயில் முடிந்தாள்.

"இப்ப இழுங்க. எல்லாரும் சேர்ந்து. வெடுக்குன்னு இழுக்காதீங்க."

குதிரை அசையவில்லை.

மறுபடி இழுத்தார்கள். சேறு ஒரு பெரிய உறிஞ்சலோடு விட்டுக்கொடுத்தது. செவலை பக்கவாட்டில் சரிந்து, கரைக்கு வழுக்கி வந்து, சற்றுநேரம் அப்படியே கிடந்தது. பிறகு ஒவ்வொரு காலாக ஊன்றி எழுந்தது. உடம்பெல்லாம் நடுங்கியது.

விசில் பறந்தது. குதிரைக்கா அவளுக்கா என்று தெரியவில்லை.

"ஏகாம்பரம், வாளியில நல்ல தண்ணி காட்டுங்க. குடிச்சிடுச்சுன்னா பயமில்ல."

செவலையின் பக்கம் போக அடியெடுத்தாள். மஞ்சள் பனியன் குறுக்கே வந்தான்.

"அக்கா, போட்டோ."

அவள் நின்றாள். ஒரு கை இடுப்பில். ஒரு முழங்கால் மடங்க. தலைமுடியிலிருந்து சேறு சொட்டியது. ஒருவன் தோளில் கை போட்டான். ஒருவன் உதட்டைக் கடிக்கச் சொன்னான். அடுத்தவன், அடுத்தவன் என்று வந்துகொண்டே இருந்தார்கள்.

செவலை வாளியை முகர்ந்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது.

"பெரியவரே, குதிரைய அந்தாண்ட கொண்டு போங்க. ஃப்ரேம்ல வருது."

ஏகாம்பரம் அதை அவளுக்குப் பின்னால் நடத்திப்போனார். நொண்டிக் காலின் சத்தம் கேட்டது. அப்புறம் அதுவும் நின்றது.

நிறைய நேரம் ஆனதுபோல் இருந்தது.

"அம்மா." ஏகாம்பரத்தின் குரல் உடைந்திருந்தது. "வாய வச்சிடுச்சும்மா. குடிக்குது. பாருங்களேன்."

"திரும்பிடாதீங்கக்கா" என்றான் போனைப் பிடித்திருந்தவன். "இங்க, இங்க."

அவள் போனைப் பார்த்தாள்.

காது மட்டும் வாளியில் இருந்தது.