மஞ்சள் ஒயர்

“ஏம்மா, முப்பது வருஷம் லாரி ஓட்டின மனுஷன், பெத்த பிள்ளையை ஏர்போர்ட்ல கொண்டுபோய் விட மாட்டாராமா?”

பெட்டியை அமுக்கி மூடப் பார்த்தான் மகன். மூடவில்லை. கோபம்தான் ஏறியது.

“டாக்சியில போயிடேன்டா.”

“வேலை ஆர்டரைக் கையில கொடுத்தேன். ஒரு வரி படிக்கல. தடவிப் பாத்துட்டு ‘நல்ல தாள்’னு திருப்பிக் கொடுக்குறார். வயித்தெரிச்சலா?”

“வாயைக் கழுவு. காலையில கிளம்பப் போற. அதுவரைக்கும் அவரை அவர் போக்குல விடு.”

அம்மா பையை எடுத்துக்கொண்டு கடைக்குப் போய்விட்டாள்.

பக்கத்து அறையில் கார் உறுமியது. இவன் விடைபெற வந்து நாலு நாள். நாலு நாளும் இதே கூத்து.

இவனுக்குப் பத்து வயதில் வாங்கிய வீடியோ கேம். போலீசுக்குத் தண்ணி காட்டி நகரத் தெருக்களில் பறக்கும் கார் பந்தயம். அப்போது அப்பாவும் மகனும் சோறு தண்ணி மறந்து மோதுவார்கள். சரி. ஐம்பத்தெட்டு வயதில் அதைப் பரணிலிருந்து இறக்குவானேன்? கூடவே எண்ணிக்கை வேறு.

“அஞ்சு, ஆறு, ஏழு... இடது. ஒண்ணு, ரெண்டு...”

நாளைக்குப் போனால் மூன்று வருடம். ஒரு வார்த்தை பேசத் தோன்றவில்லை அந்த மனுஷனுக்கு.

பிளக்கைப் பிடுங்கி எறிகிற வேகத்தில் உள்ளே போனான்.

டிவியில் படம் இல்லை. வெறும் கறுப்பு. சத்தம் மட்டும் வந்தது. பின்னால், படத்துக்கான மஞ்சள் ஒயர் கழன்று தொங்கியது.

அந்தக் கறுப்புத் திரைக்கு நேராக உட்கார்ந்து, உடம்பை வளைத்து வளைத்து ஓட்டிக்கொண்டிருந்தார் அப்பா.

“எட்டு, ஒன்பது... பாலம்... வலது.”

மகன் குனிந்து ஒயரைச் செருகினான். படம் பளிச்சென்று வந்தது. அப்பாவின் முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

கார் பாலத்துக்கு முன்னாலேயே சுவரில் மூக்கை முட்டி, நின்ற இடத்தில் உறுமிக்கொண்டிருந்தது.

“கடைக்குப் போயிட்டு வந்துட்டியா?” தலையைத் திருப்பாமலே கேட்டார் அப்பா. “பாரு, பாலத்தைத் தாண்டிட்டேன். கண்ணு போனா என்ன, ரோடு எங்க போயிடும்? பிள்ளைகிட்ட மட்டும் மூச்சு விட்டுடாத. தெரிஞ்சா போக மாட்டான்.”