யோகா வீட்டுக் கலர் டிவி

கேற்றைத் திறக்கும்போதே வீட்டுக்குள் சிரிப்புச் சத்தம் கேட்டது. சாப்பாட்டுப் பாத்திரத்தோடு ராஜேஸ்வரி அப்படியே நின்றுவிட்டாள்.

வாசுதேவன் மாரடைப்பில் இறந்து முப்பத்தெட்டு நாள். முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கு முடிந்து ஒரு கிழமைதான். வெள்ளைக்காரர் ஊரான ஸ்ட்ராத்ஃபீல்டில் அப்போது நாலைந்து தமிழ்க் குடும்பங்கள். அவர்கள்தான் முறை வைத்து அவர் மனைவி யோகாவுக்குச் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுத்தார்கள்.

"வாங்கோ அக்கா, இருங்கோ." கதவைத் திறந்த யோகா, அதே ஓட்டத்தில் திரும்பிப்போய் டிவிக்கு முன்னால் இருந்துகொண்டாள்.

கலர் டிவி. அந்த வருஷம்தான் நாட்டுக்கே வந்திருந்தது.

"வாங்கினதோ?"

"வாடகைக்கு, அக்கா. நேற்றுத்தான் கொண்டந்து வைச்சவங்கள்."

திரையில் கிறிஸ்மஸ் பகிடி நிகழ்ச்சி. பஞ்சுப் பனி கொட்டியது. கிறிஸ்மஸ் தாத்தா புகைபோக்கிக்குள் மாட்டிக்கொண்டு காலை உதறினார். ஸ்டூடியோவில் பார்க்க வந்த சனம் விழுந்து விழுந்து சிரித்தது.

ராஜேஸ்வரிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வேலையால் வந்து, உடுப்புக்கூட மாற்றாமல் குசினியில் நின்று சமைத்தது இதற்குத்தானா?

"யோகா, குறை நினையாதை. செத்த வீட்டில இந்தச் சத்தம்... ஆரும் கேட்டா என்ன சொல்லுவினம்?"

"கொஞ்சம் பொறுங்கோ, அக்கா."

கண்ணைக்கூட எடுக்கவில்லை.

"எனக்கென்ன," என்றாள் ராஜேஸ்வரி. "சனம்தான் கதைக்கும்."

முதலில் கதைக்கப்போவது தான்தான் என்று ராஜேஸ்வரிக்குத் தெரியும். வீட்டுக்குப் போனதும், சாப்பாட்டு முறையில் இருக்கும் ரஞ்சினிக்குப் போன் எடுக்க வேண்டும். பாத்திரத்தை மேசையில் வைத்துவிட்டுப் புறப்பட்டாள்.

அந்த நேரம் கமரா சனத்தின் பக்கம் திரும்பியது. மூன்றாவது வரிசையில், வெள்ளைக்காரர் நடுவில், நீல டை கட்டிய கறுத்த மனிதர் ஒருவர் வாய் நிறையச் சிரித்துக்கொண்டிருந்தார்.

வாசுதேவன்.

இரண்டு விநாடிதான். பிறகு பாட்டுக்காரர் வந்துவிட்டார்கள்.

"இதை ஒக்டோபரிலயே படம் எடுத்துப்போட்டாங்கள்," என்றாள் யோகா. "போய்ப் பாக்கச்சொல்லி இவருக்கு ஒஃபிஸில ரிக்கற் குடுத்தவை. என்னையும் வரச்சொல்லிக் கேட்டவர். இங்கிலீஷ் பகிடி எனக்கு விளங்காது எண்டு நான் போகேல்லை."

ராஜேஸ்வரி திரும்ப வந்து பக்கத்துக் கதிரையில் இருந்தாள். பாட்டு முடியவில்லை.

"இன்னொருக்காக் காட்டுவாங்களோ, அக்கா?"