கல்யாண ஜெனரல்

ஜெனரல் உள்ளே வந்ததும் விருந்து மண்டபமே எழுந்து நின்றது. தொத்திறைச்சி ஆலை முதலாளி கோர்தேய் சாவிச் ஓடிவந்து, தன் மகள் கல்யாணத்துக்கு வந்த அந்தப் பெரிய மனிதரின் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டார். சம்பந்தி வீட்டார் முகம் சுருங்குகிறதா என்று ஓரக்கண்ணால் பார்த்தும் கொண்டார். சுருங்கியது.

"தோழர் ஜெனரல், நீங்க வந்தது எங்க பாக்கியம்!"

"இருக்கட்டும்," என்றார் ஜெனரல். அதற்கு மேல் அவருக்கு வசனம் இல்லை.

ஆமாம், வசனம்தான். ஜெனரலாக வந்திருக்கும் வாதிம் லூக்கிச் எந்தப் படையிலும் இருந்தவரில்லை. முப்பது வருஷமாகச் சினிமாவிலும் டிவி தொடரிலும் ஜெனரல், கர்னல், சிறை அதிகாரி என்று துணை வேஷம் கட்டுகிறவர். "இவனை இழுத்துட்டுப் போங்க!" என்பார். இழுத்துப் போகப்படுகிறவன்தான் கதாநாயகன் என்பதால் காமிராவும் அவன் பின்னாலேயே போய்விடும். கடைசியில் ஓடுகிற பெயர்ப் பட்டியலில் இவர் பெயர் வருவதற்குள் டிவிக்காரன் சோப்பு விளம்பரம் போட்டுவிடுவான். சரத்தோவ் நகரத் தெருக்களில் இவரை நின்று உற்றுப் பார்ப்பவர்கள் கேட்பது ஒன்றே: "நீங்க எங்க கராஜுல வேலை பாத்தவர்தானே?"

பணக்காரன் வீட்டுக் கல்யாணத்தில் ஒரு ஜெனரலாவது உட்கார்ந்திருக்க வேண்டும். நிஜ ஜெனரல் வரமாட்டார், வந்தாலும் கட்டுப்படியாகாது. கோர்தேய் சாவிச்சுக்கு எல்லாம் தெரியும். சம்பந்திக்குத் தெரியாது, அது போதும்.

கல்யாணத்தை எடுத்து நடத்தும் ஜன்னா வாசலிலேயே கறாராகச் சொல்லியிருந்தாள்: "வோட்காவை உதட்டுல நனைங்க, அவ்வளவுதான். ஒரு சொட்டு உள்ள போச்சு, அடுத்த கல்யாணம் உங்களுக்கு இல்ல. போன தடவை வந்த ஜெனரல் குடிச்சுட்டு மாப்பிள்ளையையே கைது பண்ணிட்டான்."

வாதிமுக்குப் பக்கத்து நாற்காலியில் இருந்தவரை விருந்து நடத்துகிறவன் மைக்கில் அறிவித்தான்: "மாகாணக் கலாச்சாரத் துணை அமைச்சர், மாண்புமிகு கிளிம் பெத்ரோவிச்!"

வாதிம் நாற்காலியை அவர் பக்கம் நகர்த்தினார். வோல்கா நதியின் கிழட்டுப் படகுக்காரன் ஒருவனைப் பற்றி அரசாங்கப் பணத்தில் படம் எடுக்கப் போகிறார்கள். அந்தக் கிழவன்தான் கதாநாயகன். தொப்பி கிடையாது, பதக்கம் கிடையாது, மனுஷ வேஷம். நடிகர் தேர்வுக்குப் போன வாதிமை, "இதுல ஜெனரல் யாரும் இல்லீங்க" என்று வாசலோடு அனுப்பிவிட்டார்கள். இப்போது அந்தத் துறையின் அமைச்சரே முழங்கை தூரத்தில்!

"கசக்குது! கசக்குது!" என்று கூட்டம் கத்தியது. வாயின் கசப்பு தீர மணமக்கள் முத்தமிட, எல்லோரும் ஒரே மடக்கில் குடித்தார்கள். துணை அமைச்சர் மட்டும் உதட்டை நனைத்துவிட்டுக் கோப்பையைக் கீழே வைத்தார்.

"கல்லீரல் சரியில்ல," என்று வாதிமைப் பார்த்துச் சிரித்தார்.

ஓசி வோட்காவை வேண்டாம் என்கிற அதிகாரி! இந்த நாட்டில் இப்படி ஒருவனா? இவனிடம் உண்மையைப் பேசலாம் என்று வாதிமுக்குத் தோன்றிவிட்டது. வேஷம் கலைந்தது தெரிந்தால் ஜன்னா தொலைத்துவிடுவாள். தொலைக்கட்டும்.

"ஐயா, உங்ககிட்ட மறைக்க மனசு வரல. நான் ஜெனரல் இல்ல."

துணை அமைச்சர் முகத்தில் ஒரு சலனமும் இல்லை. "சொல்லுங்க."

"நடிகன். அதுவும் துணை நடிகன். என் பேரு என் பொண்டாட்டிக்கே சில நாள் மறந்துடுது. அந்தப் படகுக்காரன் வேஷம்... முப்பது வருஷமா சல்யூட் வாங்கி வாங்கி அலுத்துப்போச்சுய்யா. ஒரே ஒரு தடவை மனுஷனா நடிச்சுட்டுப் போயிடறேன்."

"நடிச்சுக் காட்டுங்க."

"இங்கேயா?"

"ஏன், ஆறு இருந்தாத்தான் வருமா?"

வாதிம் தொப்பியைக் கழற்றி ஹெர்ரிங் மீன் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார். மகனை ஆறு கொண்டுபோன மறுநாள், அதே படகில் ஊராரை அக்கரை சேர்க்கிற கிழவன் ஆனார். குரல் உயரவில்லை, கை மட்டும் இல்லாத துடுப்பைப் பிடித்து இழுத்தது. "ஏறுங்க, ஏறுங்க. அவன் உட்கார்ற இடம்தான்... காலியாத்தான் இருக்கு."

அக்கார்டியன் சத்தத்திலும் சாலட் அள்ளும் சத்தத்திலும் அது வேறு யார் காதிலும் விழவில்லை. துணை அமைச்சர் கைக்குட்டையை எடுத்தார்.

"இத்தனை வருஷம் உங்களை எங்க ஒளிச்சு வச்சிருந்தானுங்க?" அவர் வாதிமின் தோளில் கை வைத்தார். அந்தக் கையில் அதிகாரம் கனத்தது. "படகுக்காரன் நீங்கதான். திங்கட்கிழமை ஆபீசுக்கு வாங்க. தடுத்தா என் பேரைச் சொல்லுங்க."

வாதிமுக்குக் கண் நிறைந்துவிட்டது. அமைச்சர் என்றால் இப்படியல்லவா இருக்க வேண்டும்! கோப்பையை எடுத்து, கடைசிச் சொட்டு வரை ஒரே மடக்கில் குடித்தார். இனி எந்தக் கல்யாணத்துக்கு யார் கூப்பிட்டால் என்ன, கூப்பிடாவிட்டால் என்ன?

ஜன்னா கூட்டத்தைப் பிளந்துகொண்டு வருவது தெரிந்தது. வரட்டும். "நான் இனிமே ஜெனரல் இல்லம்மா" என்று கம்பீரமாகச் சொல்ல வாதிம் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

அவள் காலிக் கோப்பையைப் பார்க்கவே இல்லை. இரண்டு பேருக்கும் நடுவில் குனிந்து காதோரமாகச் சொன்னாள்:

"ஜெனரலும் அமைச்சரும் உடுப்பைக் கழட்டிக் குடுத்துட்டுக் கிளம்புங்க, நாளைக்கு வேற கல்யாணம் இருக்கு!"