பதினோரு மணி வாய்தா

“பதினோரு மணிக்குக் கூப்பிடுவாங்க பிரபாவதி. ரெண்டு பேரும் நேர்ல வந்து சம்மதம் சொன்னாத்தான் விவாகரத்து” என்றார் வக்கீலம்மா போனில்.

“பஸ்ஸுல வந்துக்கிட்டிருக்கேங்க மேடம்.”

கொடைக்கானலில் இறங்கியவள் கோர்ட்டுக்குப் போகவில்லை. பூம்பாறை பஸ்ஸில் ஏறினாள். ஒரு வருடமாக மிதிக்காத கணவன் வீட்டு வாசலில் போய் நின்றாள்.

கதவில் பூட்டு. சம்மதம் சொல்ல அத்தனை அவசரமா அவனுக்கு? கண் கலங்கியது.

பள்ளங்கியில் பிறந்த வீட்டிலிருந்து அம்மா போனில் கூப்பிட்டாள்.

“எங்கடி இருக்க? நீ கெளம்புன செத்த நேரத்துல மாப்பிள்ளை வந்துட்டாரு. கோர்ட்டுக்குப் போகமாட்டாராம். பூண்டு மூட்டையோட உக்காந்துக்கிட்டு, நீ வந்தாத்தான் காபி குடிப்பேங்குறாரு.”

பிரபாவதி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“சாவியை எடுத்துக்கிட்டு வெரசா வரச் சொல்லும்மா. எங்க வீட்டு வாசல்லதான் நிக்கிறேன்.”